வாய்மொழியாகப் போன பாடம்: கோலா கிளாவாங் முதல் பெல்ஃபாஸ்ட் வரை

1972 மார்ச் மாதம் பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தில் ஓர் அறிக்கை வைக்கப்பட்டது. வட அயர்லாந்தில் பிடிபட்டவர்களை எப்படி விசாரித்தார்கள் என்பதை ஆராய அமைத்த மூவர் குழுவின் அறிக்கை அது. தலைவர் பார்க்கர் பிரபு. சில பக்கங்களே கொண்ட அந்த அறிக்கையின் பத்தாவது பத்தியில் ஒரு பட்டியல் வருகிறது. தலையில் கறுப்புப் பையை மாட்டுவது, சுவரில் கைவைத்து மணிக்கணக்கில் நிற்கவைப்பது, இடைவிடாத இரைச்சலில் வைப்பது, தூங்கவிடாதது, சோறு தண்ணீரைக் குறைப்பது என்ற ஐந்து முறைகளில் சிலவோ எல்லாமோ இதற்கு முன் எங்கெங்கே பயன்பட்டன என்று குழு எழுதுகிறது. பாலஸ்தீனம், மலாயா, கென்யா, சைப்ரஸ். பிறகு கேமரூன், புருணை, பிரிட்டிஷ் கயானா, ஏடன், போர்னியோ, பாரசீக வளைகுடா. கடைசியாக, 1971இல் வட அயர்லாந்து.

இரண்டாவதாக நிற்கும் அந்தப் பெயர்தான் என்னை இந்தத் தேடலில் இறக்கிவிட்டது. நான் தேடிக்கொண்டிருந்தது வேறு. நெகிரி செம்பிலானில், ஜெலுபு மாவட்டத்தில், கோலா கிளாவாங்கைச் சுற்றியிருந்த ரப்பர்த் தோட்டங்களில் அவசரகாலம் எப்படி நடந்தது என்பதை எழுத ஆவணம் திரட்டிக்கொண்டிருந்தேன். லயத்து வாசலில் கம்பிவேலி வந்த கதைக்கும், கத்தோலிக்கரும் புரொட்டஸ்டன்டுகளும் அடித்துக்கொண்ட பெல்ஃபாஸ்ட் தெருவுக்கும் என்ன தொடர்பு என்று கேட்டால், அப்போது என்னிடம் இருந்தது அந்த ஒரு பத்தி மட்டும்.

பெல்ஃபாஸ்ட் சங்கதியை முதலில் சொல்லிவிடுகிறேன். அங்கே நடந்தது வேதத்தைப் பற்றிய சண்டை அல்ல. 1921இல் அயர்லாந்து பிரிந்தபோது வடக்கில் ஆறு மாவட்டங்கள் பிரிட்டனோடு நின்றன. அங்கே பெரும்பான்மையான புரொட்டஸ்டன்டுகள் பிரிட்டிஷ் முடியாட்சியோடு இருக்க விரும்பினார்கள்; சிறுபான்மையான கத்தோலிக்கர்களில் பெரும்பாலோர் அயர்லாந்தோடு சேர விரும்பினார்கள். வேலை, அரசாங்க வீடு, உள்ளாட்சி ஓட்டு எல்லாவற்றிலும் கத்தோலிக்கர் ஒதுக்கப்பட்டனர். 1960களின் கடைசியில் சம உரிமை கேட்டு ஊர்வலம் போனார்கள், அடி விழுந்தது. 1969 ஆகஸ்டில் பெல்ஃபாஸ்டின் பம்பாய் தெரு எரிந்தது. அந்தக் கோடையில் வீட்டைவிட்டு ஓடிய 1,800க்கு மேற்பட்ட குடும்பங்களில் சுமார் 1,500 கத்தோலிக்கக் குடும்பங்கள். அந்த மாதம் 14ஆம் தேதி பிரிட்டிஷ் ராணுவம் வட அயர்லாந்துத் தெருவில் இறங்கியது. அயர்லாந்துக் குடியரசோடு சேரப் போராடிய ஐ.ஆர்.ஏ. ஒரு பக்கம், பிரிட்டனோடு இருக்கப் போராடிய யு.வி.எஃப்., யு.டி.ஏ. என்ற லாயலிஸ்ட் ஆயுதக் குழுக்கள் மறுபக்கம் என்று முப்பது ஆண்டு நீண்ட அந்தக் காலத்தில் சுமார் 3,500 பேர் செத்தார்கள். 1998 ஏப்ரல் 10 உடன்பாட்டுக்குப் பிறகே அது அடங்கியது.

அதே 1969இல் மே 13ஆம் தேதி கோலாலம்பூர் எரிந்ததை மலேசிய வாசகருக்கு நினைவூட்ட வேண்டியதில்லை. அரசாங்கக் கணக்கில் மட்டும் 196 உயிர். மூன்று மாத இடைவெளியில் இரண்டு ஊர்.

நம் தோட்டங்களிலும் இரு சபையினரும் இருந்தார்கள். கத்தோலிக்கத் தமிழருக்குப் பாரிஸ் மிஷன் சாமியார், மற்றவருக்கு மெத்தடிஸ்ட், லுத்தரன், ஆங்கிலிக்கன் போதகர். கல்யாணப் பேச்சில் சபை பார்த்ததுண்டு. சபைக்காகக் கத்தி தூக்கியதாக நான் படித்த எதிலும் இல்லை. நெகிரி செம்பிலானில் கத்தோலிக்கர் என்று பழைய தாள்களில் தேடினால் முன்னால் வந்து நிற்பது பகாவ் குடியேற்றம்தான். ஜப்பான்காரன் காலத்தில் சிங்கப்பூரிலிருந்து காட்டுக்குள் அனுப்பப்பட்ட யுரேசிய, சீனக் கத்தோலிக்கர்கள் அங்கே மலேரியாவில் விழுந்தார்கள். அவர்களோடு போன ஆயர் தெவால்ஸும் 1945 ஜனவரியில் அங்கேயே இறந்தார். அது பெரிய துயரம், ஆனால் என் தடம் அந்தப் பக்கம் போகவில்லை.

பார்க்கர் அறிக்கை சொல்வது முடிவை. வழியைச் சொல்லவில்லை. அடுத்துப் பார்க்க வேண்டியது வழக்குக் கட்டு என்று தோன்றியது. வட அயர்லாந்தில் 1971 ஆகஸ்ட் 9 அதிகாலை விசாரணையில்லாத காவல் தொடங்கியது. 342 பேரை அள்ளினார்கள். அவர்களில் சிலரையும் அதன் பின் பிடிபட்டோரில் சிலரையுமாகப் பதினான்கு பேரைத் தனியே கொண்டுபோய் அந்த ஐந்து முறைகளுக்கு உட்படுத்தினார்கள். அயர்லாந்து அரசு பிரிட்டன்மேல் வழக்குப் போட்டது. ஐரோப்பிய மனித உரிமை ஆணையம் 1976இல் சித்திரவதை என்றது; 1978 ஜனவரி 18இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் மனிதத்தன்மையற்ற, இழிவான நடத்தை என்றது, சித்திரவதை என்ற சொல்லைத் தவிர்த்தது. அந்தத் தீர்ப்பின் உண்மை விவரப் பகுதியில் ஒரு தகவல் உண்டு. 1971 ஏப்ரலில் ஆங்கிலேய உளவு மையத்தார் வட அயர்லாந்துப் போலீசுக்கு ஒரு வகுப்பு நடத்தி இவற்றைக் கற்பித்தார்கள். வாய்மொழியாக. எந்த அதிகார உத்தரவிலும் இவை எழுதப்படவில்லை.

அங்கே என் கையில் இருந்த நூல் அறுந்தது. காகிதத்தில் எழுதாத பாடத்தைக் காகிதத்தில் தேட முடியாது.

இந்தப் பக்கமும் அதே கதைதான். 1957இல் மலாயா சுதந்திரம் பெறுமுன் கோலாலம்பூரிலிருந்து ஐந்து லாரி நிறைய அரசாங்கக் கட்டுகளைச் சிங்கப்பூர் கடற்படைத் தளத்துக்கு ஓட்டிப்போய் அங்கிருந்த எரியுலையில் போட்டார்கள். எரிக்காமல் லண்டனுக்கு எடுத்துப்போனவை அரை நூற்றாண்டுக்கு மேல் மறைந்திருந்தன. கென்யாவின் மாவ் மாவ் கிளர்ச்சிக்கால முதியவர்கள் போட்ட வழக்கில், 2011இல், ஹான்ஸ்லோப் பார்க் என்ற இடத்தில் அவை பதுக்கப்பட்டிருப்பதைப் பிரிட்டன் ஒப்புக்கொள்ள நேர்ந்தது. 2012 முதல் லண்டனிலுள்ள கியூ ஆவணக் காப்பகத்தில் எஃப்.சி.ஓ. 141 என்ற வரிசையில் திறந்தார்கள். மலாயாவும் அதில் உண்டு. அந்த வரிசையைப் பார்க்கும் எவரும் மிஞ்சியதை மட்டும் படிக்கிறோம் என்பதை மறக்கக்கூடாது. எரித்தவர்கள் எதை எரிப்பது என்று யோசித்துத்தான் எரித்தார்கள்.

காகிதம் இல்லையென்றால் ஆட்களைப் பின்தொடர வேண்டும். பாடத்தை வாயால் சொன்னவர் ஒருவர், காதால் கேட்டவர் ஒருவர் இருந்திருப்பார். அவர்களுக்குப் பதவி இருந்திருக்கும். பதவிக்கு நியமன உத்தரவும் மாற்றல் உத்தரவும் இருந்திருக்கும். அவற்றை யாரும் எரிப்பதில்லை. அப்படித்தான் தேடலைத் திருப்பிப் போட்டேன்.

அதற்குமுன் நம் ஊர்.

சிரம்பானிலிருந்து புக்கிட் தங்கா மலைப்பாதையில் வளைந்து வளைந்து ஏறி இறங்கினால் கோலா கிளாவாங். ஊர் நடுவில் நெகிரி செம்பிலானின் முதல் பிரிட்டிஷ் ரெசிடென்ட் மார்ட்டின் லிஸ்டருக்கு எழுப்பிய நினைவுச் சின்னம் இன்னும் நிற்கிறது. ஈயச் சுரங்கம் சீனருடையது, வயலும் கம்பமும் மலாய்க்காரருடையது, பால்மரக் காடு துரையுடையது, அதில் வெட்டியது பெரும்பாலும் தமிழர். ஒரே மாவட்டத்தில் மூன்று உலகம்.

அவசரகாலம் 1948 ஜூனில்தான் தொடங்கியது என்று அரசாங்கக் காகிதம் சொல்லும். ஜெலுபுவில் ரத்தம் அதற்கு முன்பே ஓடியது. 1942 மார்ச்சில் தித்திக்குப் பக்கத்தில் யூ லாங் லாங் என்ற சீனக் கிராமத்தை ஜப்பானிய ராணுவம் அழித்தது. ஆயிரத்துக்கு மேற்பட்டோர் செத்தார்கள். அதற்குப் பின் அந்த மலைகள் ஜப்பான் எதிர்ப்புப் படையின் கோட்டையாயின. ஜப்பான் சரணடைந்ததும் தித்தியைக் கொஞ்ச காலம் அந்தக் காட்டுப் படைதான் ஆண்டது. லாரன்ஸ் சியாவ் 1983இல் வெளியிட்ட தித்தி வரலாறு இதை விவரமாகச் சொல்கிறது. ஜெலுபு பற்றி எழுத உட்காருகிற எவரும் முதலில் படிக்கவேண்டிய புத்தகம். 1945 நவம்பர் 6இல் கோலா பிலா பக்கம் பாடாங் லேபாரில் மலாய்க்காரர் சீனரைத் தாக்கினார்கள். சுமார் நாற்பது பேர் இறந்தார்கள், பெரும்பாலும் பெண்களும் பிள்ளைகளும். ஆக, 1948இல் அரசாங்கம் துப்பாக்கியைக் கொடுக்கப் போனபோது, இந்த மாநிலத்தில் ஒரு இனம் இன்னொரு இனத்தைப் பார்க்கும் பார்வையில் ஏற்கெனவே பயம் குடியேறியிருந்தது. இதை நினைவில் வைத்துக்கொண்டுதான் அடுத்து வருவதைப் படிக்க வேண்டும்.

1948 ஜூன் 16, சுங்கை சிப்புட்டில் மூன்று வெள்ளைக்காரத் தோட்ட அதிகாரிகள் கம்யூனிஸ்ட் கொரில்லாக்களால் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். இரண்டு நாளில் நாடு முழுதும் அவசரகாலம். துப்பாக்கி வைத்திருந்தால் தூக்கு. விசாரணையில்லாமல் காவல். பன்னிரண்டு வயதானவர்க்கெல்லாம் படம் ஒட்டிய அடையாளக் கார்டு. மலாயாத் தொழிற்சங்கச் சம்மேளனத் தலைவராயிருந்த எஸ். ஏ. கணபதியை 1949 மே 4இல் புடு சிறையில் தூக்கிலிட்டார்கள். அதற்கு முதல் நாள்தான் சிங்கப்பூர்ச் சங்கத் தலைவர் வீரசேனன் நெகிரி செம்பிலானில் சுட்டுக் கொல்லப்பட்டார். அந்த இரண்டு நாளில் தோட்டத் தொழிலாளிக்குப் பேச இருந்த வாய் அடைபட்டது என்றுதான் நான் இந்தப் பக்கத்தை எப்போதும் படிக்கிறேன்.

பிரிக்ஸ் திட்டம் 1950இல் வந்தது. காட்டோரச் சீனக் குடிகளைப் புதுக்கிராமங்களில் வேலிக்குள் அடைத்தார்கள். நாடு முழுதும் சுமார் ஐந்து லட்சம் பேர். தித்தி, பெர்த்தாங் எல்லாம் அப்படி வேலி கண்ட ஊர்கள். தோட்டங்களில் இதற்கு இணையாகச் சிதறிக்கிடந்த லயங்களை ஒன்றாகத் திரட்டி வேலி போட்டார்கள். புத்தகங்கள் புதுக்கிராமத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதின. லயத்து வேலி ஓரிரு வரியோடு போய்விடுகிறது. அந்தக் காலத்தில் பால்மரம் வெட்டப் போனவர்கள் சொல்வது வேறு அளவில் இருக்கும். உணவுக் கட்டுப்பாடு கடுமையாக இருந்த நாட்களில் பெரட்டு முடிந்து கேட்டைத் தாண்டும்போது உடம்பைத் தடவிப் பார்ப்பார்கள். சோற்றுப் பாத்திரம் வெளியே போகக்கூடாது. காட்டுக்குள் கொரில்லாவுக்குப் போய்ச் சேர்ந்துவிடும் என்று. மதியம்வரை வெறும் வயிற்றோடு மரம் வெட்டிவிட்டுத் திரும்பி வந்துதான் சாப்பாடு. இரவில் காட்டுக்காரன் வந்து சந்தா கேட்பான்; கொடுக்காவிட்டால் கங்காணிக்கும் கிராணிக்கும் உயிர் போகும். கொடுத்தால் பகலில் மாத்தா வருவான்.

கேட்டில் நின்று தடவிப் பார்த்தவர் யார்? இந்தக் கேள்விதான் தேடலின் மையத்துக்கு என்னைக் கொண்டுபோனது. அவர் ஸ்பெஷல் கான்ஸ்டபிள், எஸ்.சி. என்பார்கள். தோட்டத்தையும் சுரங்கத்தையும் காக்க அவசரமாய்ச் சேர்த்த துணைப்படை; உச்சத்தில் சுமார் நாற்பதாயிரம் பேர். தமிழரும் இருந்தார்கள். ஆனால் மிகப் பெரும்பாலோர் மலாய்க்காரர். எதிரே காட்டில் இருந்தவர் பெரும்பாலும் சீனர். சில வாரப் பயிற்சியும் ஒரு துப்பாக்கியும் கொடுத்து, ஓர் இனத்தின் பையன்களை இன்னோர் இனத்தின் வீட்டு வாசலில் நிறுத்தினார்கள். கிளர்ச்சியை அடக்கியதைப் பாராட்டுகிற நூல்கள் இதை ஆள்பலக் கணக்காகச் சொல்லிவிட்டுப் போகின்றன. நான் இதை அப்படிக் கடந்துபோக மாட்டேன்.

ஏனென்றால் வட அயர்லாந்திலும் அப்படி ஒரு படை இருந்தது. 1920இல் தொடங்கிய அல்ஸ்டர் சிறப்புக் காவல்படை. மக்கள் வாயில் பி ஸ்பெஷல்ஸ். பகுதி நேரத் துணைப்போலீஸ், துப்பாக்கியை வீட்டிலேயே வைத்துக்கொள்வார்கள், நடைமுறையில் முழுக்கப் புரொட்டஸ்டன்டுகள். 1922இல் வந்த சிறப்பு அதிகாரச் சட்டம் அவர்கள் கையில் சோதனை போடவும் பிடிக்கவும் அதிகாரம் கொடுத்தது. பிடிபட்டவர் பெரும்பாலும் கத்தோலிக்கர். ஆகவே மலாயாதான் இந்த முறையைக் கண்டுபிடித்தது என்று சொன்னால் தப்பு. ஆண்டுகளை வரிசையாக வைத்தால் சங்கிலி அயர்லாந்தில்தான் தொடங்குகிறது.

ஆட்களை எடுத்துக்கொள்வோம். 1920–21 அயர்லாந்துச் சண்டையில் போலீசுக்குத் தலைமை தாங்கியவர் ஹியூ டியூடர். அவர் கீழ்தான் பிளாக் அண்ட் டான்ஸ் என்று அயர்லாந்து இன்றும் சபிக்கும் கூலிப் போலீசும், ஆக்சிலரி பிரிவும் இருந்தன. அந்தப் படைகளைக் கலைத்ததும் டியூடர் பாலஸ்தீனத்துக்குப் போனார். 1922இல் அங்கே எழுப்பிய பிரிட்டிஷ் ஜெண்டார்மெரியில் சேர்ந்தவர்கள் பெரும்பாலும் அவருடைய பழைய அயர்லாந்து ஆட்கள். அந்தப் பிரிவு 1926இல் கலைந்தது. பலர் பாலஸ்தீனப் போலீசில் தங்கினார்கள். பாலஸ்தீனப் போலீசின் கடைசித் தலைவர் நிக்கல் கிரே. 1948இல் பிரிட்டன் பாலஸ்தீனத்தைவிட்டு வெளியேறிய சில மாதத்தில் அவர் மலாயாப் போலீஸ் கமிஷனர். அவரைத் தொடர்ந்து சுமார் ஐந்நூறு பழைய பாலஸ்தீனப் போலீஸ்காரர் சார்ஜண்டுகளாக மலாயாவுக்கு வந்து இறங்கினார்கள். அவர்களில் பலரின் வேலை எஸ்.சி.களுக்குப் பயிற்சி கொடுப்பதும் அவர்களை நடத்துவதும். மலாயும் தெரியாது, தமிழும் தெரியாது. 1951 அக்டோபர் 6இல் ஃபிரேசர் மலைப் பாதையில் கொல்லப்பட்ட ஹை கமிஷனர் ஹென்றி கர்னியும் பாலஸ்தீனத்தில் தலைமைச் செயலராக இருந்தவர்தான்.

கர்னிக்குப் பின் வந்த ஜெரால்டு டெம்ப்ளர் அயர்லாந்து வேர் உள்ளவர், ராயல் ஐரிஷ் ஃபியூசிலியர்ஸ் படைக்காரர். மலாயா–அயர்லாந்து தொடர்பைத் தேடும் பலர் இவரோடு நின்றுவிடுகிறார்கள். பிறந்த குடும்பமும் படைப்பிரிவும் ஒரு முறையை ஒரு நாட்டிலிருந்து இன்னொரு நாட்டுக்குக் கொண்டுபோனதற்குச் சான்றாகாது. டெம்ப்ளர் காலத்தில் வந்த போலீஸ் கமிஷனரின் பெயர்தான் எனக்குக் கிடைத்த முதல் உறுதியான கண்ணி.

ஆர்தர் யங். லண்டன் சிட்டி போலீசின் தலைவர். 1952இல் கிரேயின் இடத்துக்கு வந்தார். போலீஸ் ராணுவமாக மாறிவிட்டது, மக்கள் பயப்படுகிறார்கள் என்பதுதான் அவர் பார்வை. அந்த ஆண்டுக் கடைசியில் சேவை இயக்கம் ஒன்றைத் தொடங்கினார். கைகுலுக்கும் இரண்டு கைகள் சின்னம், சேவைக்குத் தயார் என்று மலாயில் வாசகம். 1954இல் அவரைக் கென்யாவுக்கு அனுப்பினார்கள். அங்கே அரசாங்கத்துக்கு விசுவாசமான கிக்குயு ஊர்க்காவல் படை தன் சொந்த மக்களையே அடித்தும் கொன்றும் வந்தது. அந்தக் குற்றங்களைப் போலீஸ் விசாரிக்க விடாமல் நிர்வாகம் தடுத்தது. ஓராண்டு ஆவதற்குள் யங் பதவியை விட்டார். ஏன் விட்டார் என்று விளக்கி அவர் எழுதிய கடிதத்தை அரசாங்கம் வெளிவரவிடவில்லை.

மூன்றாவது இடம், 1969 நவம்பர். வட அயர்லாந்துப் போலீசான ஆர்.யு.சி.யின் தலைமைப் பதவி. அந்த அக்டோபரில்தான் ஹண்ட் குழு போலீசிடமிருந்து ஆயுதத்தை எடுக்கவும் பி ஸ்பெஷல்ஸைக் கலைக்கவும் பரிந்துரைத்திருந்தது. அதை எதிர்த்து ஷாங்கில் சாலையில் நடந்த லாயலிஸ்ட் கலவரத்தில், அந்த முப்பது ஆண்டுச் சண்டையின் முதல் ஆர்.யு.சி. காவலர் சுடப்பட்டுச் செத்தார். சுட்டவர்கள், போலீசின் ஆயுதத்தைப் பறிக்கக்கூடாது என்று கூடிய கூட்டத்தினர். யங் அங்கே இருந்தபோதே, 1970 ஏப்ரல் 30இல், பி ஸ்பெஷல்ஸ் கலைக்கப்பட்டது. அவர் சுமார் ஓராண்டில் லண்டன் திரும்பினார்.

தோட்டத்து எஸ்.சி., கென்யாவின் ஊர்க்காவலர், பெல்ஃபாஸ்டின் பி ஸ்பெஷல்ஸ்: ஒரே மனிதர் மூன்று இடத்திலும், ஒரு சமூகத்தின் கையில் கொடுத்துவிட்ட துப்பாக்கியைக் கட்டுப்படுத்த அனுப்பப்பட்டிருக்கிறார். அவர் தாள்கள் ஆக்ஸ்ஃபோர்டில் இருக்கின்றன. இந்த மனிதரிடம் எனக்கு மரியாதை உண்டு. அவர் கற்ற பாடத்தை ராணுவம் எடுத்துப்போகவில்லை என்பதுதான் துயரம்.

ராணுவம் எடுத்துப்போனது என்ன என்பதற்கு இரண்டு அச்சுச் சான்று உண்டு. ஒன்று, கையேடு. டெம்ப்ளர் காலத்தில் 1952இல் மலாயாவில் எழுதிய பயங்கரவாத எதிர்ப்பு நடவடிக்கைக் கையேடு பிற்காலக் கையேடுகளுக்கெல்லாம் தாய். பிரிட்டிஷ் ராணுவத்தின் புதிய கிளர்ச்சி எதிர்ப்புக் கையேட்டின் தேதி 1969 ஆகஸ்ட் 29. ராணுவம் வட அயர்லாந்தில் இறங்கிப் பதினைந்தே நாள். குடியேற்ற நாடுகளில் கற்றதைத் தொகுத்த நூல் அது. இன்னொன்று ஃபிராங்க் கிட்சன். கென்யாவில் உளவு வேலை, 1957இல் மலாயாக் காட்டில் கம்பெனித் தலைவர், அதற்காக வீரப்பதக்கம், பிறகு ஓமான், சைப்ரஸ். 1970 முதல் 1972 வரை பெல்ஃபாஸ்டில் 39ஆம் பிரிகேடின் தலைவர். 1971இல் அவர் புத்தகம் வந்தது. சட்டத்தை அரசின் ஆயுதங்களில் ஒன்றாகப் பயன்படுத்தலாம் என்று கிட்சன் சொன்னார் என எல்லாரும் மேற்கோள் காட்டுவார்கள். புத்தகத்தையே எடுத்துப் படித்தால், அதை இரண்டு வழிகளில் ஒன்றாகத்தான் வைக்கிறார்; சட்டம் நடுநிலையாக நிற்கும் மற்ற வழியே நேர்மையானது, பயனும் தருவது என்றும் எழுதுகிறார். எழுதியதற்கு மனிதர் பொறுப்பு. எழுதாததை அவர்மேல் ஏற்றக்கூடாது. அவரைத் தெருவில் நடந்ததை வைத்துத்தான் எடைபோட வேண்டும்.

தெருவில் நடந்ததற்கு ஒரு சான்று. 1971 டிசம்பர் 4 இரவு, பெல்ஃபாஸ்டில் கத்தோலிக்கர் போகும் மெக்கர்க் மதுக்கடையில் யு.வி.எஃப். குண்டு வைத்து 15 பேரைக் கொன்றது. உள்ளே ஐ.ஆர்.ஏ. வைத்திருந்த குண்டு தவறி வெடித்தது என்ற கதை உடனே பரவியது. செத்தவர்கள்மேலேயே பழி விழுந்தது. இறந்த ஒருவரின் பேரன் பல ஆண்டு கியூவில் உட்கார்ந்து தேடி, கிட்சனின் பிரிகேட் பதிவேட்டில் அந்தக் கதை குறிக்கப்பட்டிருப்பதை வெளிக்கொணர்ந்தார். போலீஸ் விசாரணை ஒருதலைப்பட்சமாக இருந்தது என்று 2011இல் வட அயர்லாந்துப் போலீஸ் குறைதீர்ப்பாளரும் அறிவித்தார். குடும்பத்துக்காக ஆவணம் தேடும் ஒருவர் எவ்வளவு செய்ய முடியும் என்பதற்கு எனக்குத் தெரிந்த பெரிய உதாரணம் இதுதான்.

இப்போது இரண்டு ஊரடங்குகளைப் பக்கத்தில் வைக்கிறேன். 1952 மார்ச்சில் தஞ்சோங் மாலிம் அருகே தண்ணீர்க்குழாய் சரிசெய்யப் போனவர்களைக் கொரில்லாக்கள் சுட்டார்கள். 12 பேர் இறந்தனர். டெம்ப்ளர் வந்து ஊருக்கு நாளில் 22 மணி நேர ஊரடங்கு போட்டார். அரிசிப் பங்கைப் பாதியாக்கினார். வீடு வீடாகத் தாள் கொடுத்து, தெரிந்ததை எழுதிப் பெட்டியில் போடச் சொன்னார். ஊர் பணிந்தது. லண்டனில் கைதட்டல் விழுந்தது, கண்டனமும் விழுந்தது. 1970 ஜூலை 3, பெல்ஃபாஸ்டின் கத்தோலிக்கப் பகுதியான லோயர் ஃபால்ஸ். சுமார் 3,000 வீடுகளை அடைத்து வீடு வீடாகச் சோதனை. நாலு பேர் இறந்தார்கள். துப்பாக்கிகள் கிடைத்தன, உண்மைதான். மூன்றாம் நாள் பக்கத்துப் பகுதிப் பெண்கள் ரொட்டியும் பாலும் தூக்கிக்கொண்டு கூட்டமாக நடந்துவந்து ராணுவத் தடையை உடைத்து உள்ளே போனார்கள். ஊரடங்கு அங்கே முடிந்தது. அடக்கப்பட்ட ஃபால்ஸைக் காட்ட பிரிட்டனோடு நிற்கும் யூனியனிஸ்ட் கட்சி அமைச்சர் இருவரை ராணுவ வண்டியில் ஏற்றிச் சுற்றிக்காட்டினார்கள். அமைச்சர்களின் அந்தச் சுற்றுதான் ராணுவத்தை ஒரு பக்கத்துக் காவலனாக மக்கள் மனத்தில் முடித்துவைத்தது.

ஒரே கருவி, இரண்டு விளைவு. காரணம் தேட வெகுதூரம் போகவேண்டாம். மலாயாவில் வேலிக்குள் போனவருக்கு நிலப்பட்டா இல்லை, ஓட்டு இல்லை. பேசினால் சீனாவுக்கோ இந்தியாவுக்கோ கப்பலேற்றலாம், ஆயிரமாயிரமாய் ஏற்றினார்கள். ஃபால்ஸ்காரரை எந்தக் கப்பலில் ஏற்றுவது? அவருக்கு வீடு அதுதான், அடுத்த தெருவில் அவரை வெறுக்கும் ஆயுதக் குழு, எல்லை தாண்டினால் அவருக்காகப் பேசும் ஓர் அரசு. 1971 ஆகஸ்ட் 9இல் தேடிப்போன பெயர்ப்பட்டியலில் லாயலிஸ்ட் ஆயுதக்காரர் ஒருவரும் இல்லை. 1975 டிசம்பர் வரை காவலில் வைத்த 1,981 பேரில் 1,874 பேர் கத்தோலிக்க, குடியரசுப் பக்கம். 107 பேர் லாயலிஸ்ட். ஒரு கையில் தராசைப் பிடித்த அரசு என்று அதை யார் நம்புவார்? ஐ.ஆர்.ஏ.வுக்கு ஆள் சேர்ந்தது, அதன் குண்டுகளில் புரொட்டஸ்டன்ட் தொழிலாளிகள் செத்தார்கள், யு.டி.ஏ. 1971 செப்டம்பரில் உருவானது. 1972 ஒரே ஆண்டில் ஏறத்தாழ 480 பேர் இறந்தனர். பி ஸ்பெஷல்ஸுக்குப் பதில் வந்த அல்ஸ்டர் பாதுகாப்புப் படையில் தொடக்கத்தில் நூற்றுக்குப் பதினெட்டுப் பேர்வரை கத்தோலிக்கர் இருந்தனர்; சில ஆண்டில் மூன்றாகச் சுருங்கியது. மறுபடி ஒரு சமூகத்தின் துப்பாக்கி.

பெல்ஃபாஸ்டின் கொலைகளுக்கு மலாயாதான் காரணம் என்று நான் சொல்லவில்லை. ஐ.ஆர்.ஏ. வைத்த குண்டுக்கு ஐ.ஆர்.ஏ. பொறுப்பு, யு.வி.எஃப். வைத்ததற்கு யு.வி.எஃப். ஆனால் இரு பக்கத்துக்கும் நடுவில் நிற்கவேண்டிய அரசு, ஒரு பக்கம் சாயும் பழக்கத்தை அயர்லாந்தில் தொடங்கி, பாலஸ்தீனத்திலும் நம் தோட்டத்து கேட்டிலும் மெருகேற்றி, வெற்றி என்று பெயர் சூட்டி, தொடங்கிய இடத்துக்கே திருப்பிக் கொண்டுபோனது. பதவி உத்தரவுகள் அதைத்தான் காட்டுகின்றன.

கடைசிக் கண்ணியை நான் தேடியே கண்டுபிடிக்கவில்லை. ஒரு தீர்ப்பின் முதல் பக்கத்தில் இருந்தது. 1948 டிசம்பர் 12இல் சிலாங்கூர் பத்தாங் காலியில், ஒரு ரப்பர்த் தோட்டத்தில், ஸ்காட்ஸ் கார்ட்ஸ் படையினர் ஆயுதமில்லாத 24 சீனத் தொழிலாளிகளைச் சுட்டுக் கொன்றார்கள். அவர்கள் குடும்பத்தார் பொது விசாரணை கேட்டுப் போட்ட வழக்கு 2015 நவம்பர் 25இல் பிரிட்டனின் உச்ச நீதிமன்றத்தில் முடிந்தது. அதில் தலையிட்டு வாதம் வைத்தவர்களின் வரிசையில் வட அயர்லாந்தின் அட்டர்னி ஜெனரல் இருக்கிறார். டெரி, ஆர்மா பகுதிகளில் கொல்லப்பட்டோர் குடும்பங்களுக்காக நிற்கும் பாட் ஃபினுகேன் மையம் இருக்கிறது. பழைய கொலைகளை விசாரிக்கும் கடமை அரசுக்கு எதுவரை உண்டு என்று பத்தாங் காலி வழக்கில் எழுதும் எழுத்து பெல்ஃபாஸ்ட் வழக்குகளையும் கட்டும் என்பதால் அவர்கள் வந்தார்கள். ஐந்து நீதிபதிகளில் நால்வர் மனுவைத் தள்ளினார்கள்; லேடி ஹேல் மட்டும் விசாரணை வேண்டும் என்று எழுதினார். 2018இல் ஐரோப்பிய நீதிமன்றமும் மனுவை ஏற்க மறுத்தது. 2023இல் பிரிட்டன் வட அயர்லாந்தின் பழைய கொலைகளுக்கான மரண விசாரணைகளை நிறுத்தச் சட்டம் கொண்டுவந்தது. அதிலிருந்த மன்னிப்புப் பிரிவு மனித உரிமைக்கு முரண் என்று 2024 பிப்ரவரியில் பெல்ஃபாஸ்ட் உயர் நீதிமன்றம் சொன்னது.

பெல்ஃபாஸ்டில் குடும்பங்கள் சேர்த்துவைத்த தாள்கள் நீதிமன்றம்வரை போயிருக்கின்றன. ஜெலுபுப் பக்கத்து லயங்களிலிருந்து வந்தவர்களிடம் நான் கேட்பதும் அதுதான். தாத்தா பாட்டியின் பழைய அடையாளக் கார்டு, அரிசிக் கார்டு, எஸ்.சி. வேலைக்கான கடிதம், தோட்டத்துப் பெரட்டுப் படம் என எது இருந்தாலும் தூக்கிப்போடாதீர்கள். பெயரும் தோட்டமும் ஆண்டும் பின்னால் எழுதிவைத்து, ஒரு பிரதியைக் கோலாலம்பூரில், முன்பு ஜாலான் டூத்தா எனப்பட்ட ஜாலான் துவாங்கு அப்துல் ஹாலிமிலுள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் கொடுங்கள்.